மூடிய பெட்டியும் காணாத கண்ணும்
‘புரஹந்த களுவர’ திரைப்படம் பற்றிய ஒரு நோக்கு

மரணம், பற்று ஆகியன குறித்த பௌத்த சிந்தனை தமிழுக்குப் புதியதன்று. மணிமேகலையின் சக்கரவாளக் கோட்டம் உரைத்த காதையிலே, மகனை இழந்த கோதமை, தன்னுயிரைக் கொண்டு அவனுயிரைத் தருமாறு சம்பாபதியிடம் மன்றாடுகின்றாள். கண்ணிழந்த தன் கணவனை மகன் காப்பான் என்பது அவளது வாதம். போன உயிர் மீளாதென்பதைத் தெய்வம் அவளுக்கு உணர்த்துகின்றது. இவ்வுறவு ஏட்டோடு நின்றுவிடவுமில்லை. பிலிமத்தலாவைக்கு அண்மையிலுள்ள கடலாதெனிய விகாரையை 1344இல் அமைத்த தலைமைச் சிற்பி கணேஸ்வராச்சாரி என்னும் தென்னிந்தியரே. ஆகவே, சிங்களப் பௌத்தக் கிராமமொன்றின் துயரைக் கூறும் படைப்பினை அயலார் படைப்பெனத் தமிழ் வாசகர் ஒதுக்குதல் பொருந்தாது.

பிரசன்ன விதானகே 1997இல் நெறிப்படுத்திய ‘புரஹந்த களுவர’ (பூரணை நிலவில் இருள்) அத்தகையதொரு படைப்பாகும். ஜப்பானின் என்.எச்.கே. நிறுவனத்தின் ஆதரவுடன், வர்த்தக சினிமாவின் கட்டுகளுக்குப் புறம்பாக உருவானது இது. வறண்ட கிராமமொன்றில் வாழும் பார்வையற்ற முதியவர் வன்னிஹாமி. போர்முனைக்குச் சென்ற மகன் பண்டார முத்திரையிடப்பட்ட பெட்டியில் ‘திரும்புகின்றான்’. பெட்டியைத் திறக்க அனுமதியில்லை. அடக்கம் முடிகின்றது. முதியவரோ மகன் இறந்ததை ஏற்கவில்லை. நட்டஈட்டுப் பத்திரத்தில் ஒப்பமிடவும் மறுக்கின்றார். மகன் கட்டத் தொடங்கிய வீடு குறையாக நிற்கின்றது. குடும்பத்துக்குப் பணம் தேவை. கிராம சேவகரும் வற்புறுத்துகின்றார்.

மேலோட்டமாக நோக்கின், இது பற்றறுக்க இயலாத தந்தையொருவரின் கதையாகத் தோன்றும். ஊராரும் அவ்வாறே எண்ணுகின்றனர். ஆயின் படத்தின் உட்கிடை இதற்கு மாறானது. தம்மத்தின் இயல்புகளுள் ஒன்றாக விகாரைகளில் நாளும் ஓதப்படுவது ‘ஏஹிபஸ்ஸிகோ’, அதாவது ‘வந்து காண்க’ என்பது. கண்ணுள்ளோர் அனைவரும் காணாமலே நம்ப, காண வேண்டுமெனக் கேட்பவர் கண்ணற்ற ஒருவரே. இறுதியில் அவர் புதைகுழியைத் தோண்டுகின்றார். ஊராரும் துணை சேர்கின்றனர். பெட்டியினுள் இருப்பன வாழைக்குற்றிகளும் கற்களுமே.

நிலையாமை உண்மையே. ஆனால் அவ்வுண்மை, கேள்வியை அடக்கும் கருவியாக அதிகாரத்தின் கைக்கு மாறும்போது போதனை பொய்க்குத் துணைபோகின்றது. கோதமை தன் மகனின் உடலைக் கண்டவள். ஆதலின் அவளால் தெளிவு பெற முடிந்தது. உடலே காட்டப்படாதவனிடம் தெளிவைக் கோருவது எங்ஙனம் நியாயமாகும்? விதானகே எழுப்பும் வினா இதுவே. இதனைப் பிரசாரமாக்காமல், ஜோ அபேவிக்கிரமவின் மௌனம் நிறைந்த நடிப்பினூடாக அவர் உணர்த்துகின்றார். சொல்லால் வாதிடாத அவ்வுடல், தடியூன்றி நடக்கும் நடையிலேயே தன் மறுப்பைத் தெரிவிக்கின்றது. வெறும் பெட்டி மகன் உயிரோடுள்ளான் என்பதற்குச் சான்றாகாது. படமும் அவ்வாறு ஆறுதல் கூறவில்லை. முதியவர் மகனைப் பெறவில்லை. பொய்யிலிருந்து மட்டுமே விடுபடுகின்றார்.

போர்க்களமோ, மறுதரப்பின் துயரோ இப்படத்தில் இடம்பெறவில்லை. இது குறையெனக் கூறப்படலாம். எனினும் ஒரு முற்றத்துக்குள் நின்றமையாலேயே படம் அரசை உறுத்தியது. 2000இல் இதன் திரையிடல் அமைச்சரின் பணிப்பால் தடுக்கப்பட்டது. 2001இல் உயர் நீதிமன்றத் தீர்ப்பின் பின்னரே இலங்கை மக்கள் இதனைக் காண முடிந்தது.

மறுதரப்பின் துயரைப் படம் காட்டாவிடினும் காலம் காட்டிற்று. காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மார் 2017இல் கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் தொடர் போராட்டத்தைத் தொடங்கினர். 2022இல் குடும்பமொன்றுக்கு ஒரு லட்சம் ரூபாய் வழங்க அமைச்சரவை அனுமதித்தபோது, தமக்கு வேண்டியது உண்மையே என அவர்கள் மறுத்தனர். வன்னிஹாமி ஒப்பமிட மறுத்த பத்திரத்தின் பொருள் அவர்களுக்கு விளக்கப்பட வேண்டியதில்லை. பற்றினைத் துறக்குமுன் உண்மையைக் காணும் உரிமை மனிதனுக்கு உண்டு என்பதை இரு மொழிகளிலும் ஒரே துயரம் கூறுகின்றது.