முல்லையின் மறுதலை: 'பதேர் பாஞ்சாலி'யில் பருவமும் உணவும் குடும்பமும்

முன்னுரை

கொல்கத்தாவில் பிறந்த சத்யஜித் ரே (1921-1992) இயக்கிய முதல் திரைப்படம் 'பதேர் பாஞ்சாலி' (1955). விபூதிபூஷண் பந்தோபாத்யாயவின் புதினத்தைத் தழுவிய இப்படம் வறுமையைக் காட்டும் படமென்றே பெரிதும் பேசப்பட்டுள்ளது. ஆயின், படத்தின் பருவங்களும் உணவும் உறவுகளும் வறுமை என்னும் ஒரு சொல்லுள் அடங்குவன அல்ல. முதல், கரு, உரி என்னும் தொல்காப்பியப் பகுப்பு இம்மூன்றையும் ஒருங்கே நோக்க இடந்தருகிறது. எனினும் பெயர்ப்பொருத்தம் காட்டுவதோடு அமைவது ஆய்வாகாது. அப்பகுப்பு, பிற நோக்கில் புலப்படாத ஒன்றைப் புலப்படுத்துதல் வேண்டும்.

உணவும் உறவும்

தொல்காப்பியர் கருப்பொருள்களுள் உணவையும் வைத்துள்ளார். இப்படத்தில் உணவு உறவின் அளவுகோலாக அமைகிறது. துர்கா பிறர் தோட்டத்துக் கொய்யாவைப் பறித்து வந்து முதியவள் இந்திர் தாக்ருணுக்குத் தருகிறாள். வில்லும் அம்புமாக விளையாடும் அப்புவுக்குத் தாய் சர்பஜயா சோற்றைக் கையால் ஊட்டுகிறாள். அதே தாய், தண்ணீர் கேட்ட முதியவளைத் தானே எடுத்துக்கொள்ளச் சொல்கிறாள். முதியவள் குடித்தது போக எஞ்சிய நீரைச் செடிக்கு ஊற்றிவிட்டு வெளியேறி, மூங்கில் தோப்பில் இறக்கிறாள். புதினத்தில் முன்னரே இறந்துவிடும் இப்பாத்திரத்தை ரே நெடுநேரம் வாழவைத்திருப்பது, கொடுப்பவர்க்கும் மறுப்பவர்க்கும் இடையிலான இந்த வேறுபாட்டைக் கூர்மையாக்குகிறது.

காரும் இருத்தலும்

பருவம் இப்படத்தின் ஆக்கத்தையே நெறிப்படுத்தியது. 1952 அக்டோபரில் காஷ் பூக்களிடையே படப்பிடிப்புத் தொடங்கியது. அடுத்த வாரம் திரும்பியபோது பூக்களை மாடுகள் மேய்ந்திருந்தமையால், மறு ஆண்டின் பூக்காலம் வரை காத்திருக்க நேர்ந்தது.

கதையிலும் காத்திருத்தலே மையம். பொருள்தேடிச் சென்ற ஹரிஹரனை எதிர்நோக்கிச் சர்பஜயா இருக்கிறாள். கார்காலம் வருகிறது. இது முல்லையின் சூழலே. முல்லையில் கார், தலைவன் மீளும் காலத்தை அறிவிக்கும். இங்கோ கணவன் வருமுன் மழை வருகிறது. முதல் மழையில் மகிழ்ந்து நனைந்த துர்கா காய்ச்சலுற்று, புயலிரவொன்றில் இறக்கிறாள். பின்னரே ஹரிஹரன் மகளுக்குச் சேலையோடு திரும்புகிறான். சர்பஜயாவின் அழுகுரலுக்கு மாற்றாகத் தார்ஷெனாயின் ஓசை எழுகிறது. முல்லையின் இருத்தல், மீட்சி நிகழும் அக்கணத்திலேயே இரங்கலாகத் திரிகிறது.

முடிவுரை

அகத்திணை மாந்தர்க்கு இயற்பெயர் சுட்டப்பெறுவதில்லை. இப்படத்தின் மாந்தரோ பெயரும் ஊரும் கடனும் உடையவர். துயரும் காதலர் பிரிவைச் சார்ந்ததன்று. ஆதலின் இதனை முல்லைத்திணைப் படம் எனல் பொருந்தாது. முல்லை மரபை அறிந்தார்க்கு இதன் மறுதலை புலனாகிறது என்பதே பொருந்தும். இயற்கையின் காலமும் மனிதரின் வாக்கும் ஒத்தியங்கும் என்னும் நம்பிக்கை முல்லையின் அடிப்படை. அந்நம்பிக்கை பொய்த்த வீட்டையே ரே காட்டுகிறார். ஆயினும், துர்கா நனைந்து மகிழ்ந்த மழையின் அழகை அவர் குறைத்துக் காட்டவில்லை. குடும்பத்தையும் பருவத்தையும் கொண்டாடும் படமாக இதனைக் கூறுவோர், மகிழ்வளித்த மழையே உயிரையும் கொண்டது என்பதையும் சேர்த்தே கூறுதல் வேண்டும்.