நாய்க்குப் பெயர் உண்டு

ஜவ்வாது மலையின் தெற்கு அடிவாரத்தில், செங்கம் வட்டாரத்தில், வயல் வரப்பிலும் ஏரிக்கரையிலும் நடுகற்கள் நிற்கின்றன. 1972இல் தமிழ்நாடு தொல்லியல் துறை ‘செங்கம் நடுகற்கள்’ என்றே ஒரு தொகுப்பு வெளியிட்டது. ஒவ்வோர் ஆண்டும் மாணவிகளைக் கூட்டிக்கொண்டு அந்தக் கற்களைப் பார்க்கப் போவேன். அப்படியே மலையேறி ஜமுனாமரத்தூரில் சாப்பிட்டுவிட்டுத் திரும்புவோம்.

அங்கே நான் தவறாமல் சொல்லும் கதை எடுத்தனூர்க் கல்லைப் பற்றியது. மகேந்திரவர்மனின் 34ஆம் ஆட்சியாண்டு, அதாவது ஏழாம் நூற்றாண்டு. கருந்தேவக்கத்தி என்பவன் மாட்டு மந்தையை மீட்கும் சண்டையில் செத்துப்போகிறான். அவனுடைய நாய் இரண்டு கள்ளர்களைக் கடித்துவிட்டு அவனருகே காவல் நிற்கிறது. அந்த நாயின் பெயர் கோவிவன். அதையும் கல்லில் வெட்டியிருக்கிறார்கள், நாயின் உருவத்தோடு. எவ்வளவு ஈரமுள்ள மனசு என்று சொல்லிச் சொல்லி எனக்கே பழகிவிட்டது. போன வருஷம் ஒருத்தி குறுக்கே கேட்டாள்: “நாய்க்கு பேரு இருக்குது மேடம். அந்தாளு பொண்டாட்டிக்கு?”

நான் பார்த்த கற்களில் பெண்கள் இருக்கிறார்கள். செத்தவனை மேலுலகுக்கு அழைத்துப் போகும் தேவமகளிராக, கையில் சாமரத்தோடு. வீட்டில் இருந்தவளுக்கு இடமில்லை.

அந்தக் கேள்வியை நான் மறந்திருப்பேன். அதே மாதம் வேறொரு வேலைக்காக 1987 யாழ்ப்பாணப் போரைப் பற்றிய இராணுவப் புத்தகங்களைப் படித்துக்கொண்டிருந்தேன். பக்கத்துக்குப் பக்கம் அவள் குரல் கேட்டது.

வாசகிகளில் பலர் அப்போது பிறந்திருக்க மாட்டீர்கள். 1987 ஜூலை 29 அன்று ராஜீவ் காந்தியும் ஜெயவர்த்தனாவும் ஒப்பந்தம் செய்தார்கள். இந்திய அமைதிகாக்கும் படை இலங்கைத் தீவில் இறங்கியது. வரவேற்று மாலை போட்ட மக்கள் மீதே அக்டோபரில் அதன் பீரங்கிகள் திரும்பின. ‘பவன் நடவடிக்கை’ என்று பெயர். சில நாட்களில் முடியும் என்று நினைத்த யாழ்ப்பாண நகரைப் பிடிக்க இரண்டு வாரத்துக்கு மேல் ஆயிற்று. 1990 மார்ச் 24 அன்று கடைசிக் கப்பல் புறப்பட்டபோது ஏறத்தாழ 1,200 இந்திய வீரர்கள் இறந்திருந்தார்கள். செத்த தமிழ் மக்களுக்கு அப்படி ஒரு பட்டியல் கிடையாது.

படையின் முதல் களத் தளபதியாக இருந்த ஹர்கிரத் சிங் 2007இல் தன் நூலை வெளியிட்டார். அது பெரும்பாலும் ஒரு முறையீடு. டெல்லிக்குத் தெளிவில்லை, தூதரகம் தலையிட்டது, உளவுத்துறை கைவிட்டது என்று போகும். பேச்சுவார்த்தைக்கு வரும் பிரபாகரனைச் சுட்டுவிடும்படி தூதர் தீக்ஷித் சொன்னதாகவும், தான் மறுத்ததாகவும் அதில் எழுதுகிறார். பேச வந்தவனைச் சுடக் கூடாது என்பது வீரனின் அறம். அந்த இடத்தில் அவர்மீது எனக்கு மரியாதை வந்தது, மறைக்கவில்லை.

ஆனால் இந்த வகை எழுத்தின் வாக்கியங்களைக் கொஞ்சம் பிரித்துப் பாருங்கள். அக்டோபர் 11 இரவு யாழ்ப்பாணப் பல்கலைக்கழக மைதானத்தில் ஹெலிகாப்டர்கள் இறங்கியது எல்லா நூல்களிலும் கட்டுரைகளிலும் வரும். சீக்கியக் காலாட்படையின் முப்பது பேர் இறங்கினார்கள், இருபத்தொன்பது பேர் செத்தார்கள், ஒருவர் பிடிபட்டார். தோட்டா தீர்ந்ததும் துப்பாக்கியில் கத்தியைப் பொருத்திக்கொண்டு பாய்ந்தவர்களைப் பற்றிப் படிக்கும்போது யாருக்கும் தொண்டை அடைக்கும். அங்கே ஒவ்வொரு வினைக்கும் எழுவாய் உண்டு. யார் பறந்தார், யார் சுட்டார், யார் விழுந்தார் என்று தெரியும்.

பத்து நாள் கழித்து, அக்டோபர் 21, தீபாவளி. யாழ்ப்பாணப் பெரியாஸ்பத்திரிக்குள் படை நுழைகிறது. நோயாளிகள், டாக்டர்கள், தாதியர், சிற்றூழியர் என்று அறுபது எழுபது பேர் சாகிறார்கள். மறுநாள் காலை, கையைத் தூக்கிக்கொண்டு, தாங்கள் யார் என்று சொல்லியபடி தாதியரோடு வெளியே வந்த குழந்தை மருத்துவர் சிவபாதசுந்தரம் சுடப்பட்டார். இந்தியத் தரப்பு சொன்ன விளக்கம், இரு தரப்புச் சூட்டுக்கு நடுவே அகப்பட்டு இறந்தார்கள் என்பது. இங்கே எழுவாய் எங்கே போயிற்று? சுட்டவர் இல்லை, சூடு மட்டும் இருக்கிறது. மழையில் நனைந்ததைப் போல மக்கள் சூட்டில் அகப்பட்டுக்கொண்டார்கள். பள்ளிக்கூடத்தில் செய்வினை, செயப்பாட்டுவினை என்று மதிப்பெண்ணுக்காகப் படித்தோமே, அதற்கு இப்படியும் ஒரு பயன் இருக்கிறது.

‘பொதுமக்களையும் போராளிகளையும் பிரித்தறிய முடியவில்லை’ என்பது இவ்வகை எழுத்தின் இன்னொரு நிரந்தர வாக்கியம். போர் வரலாறு அந்த வரியோடு பத்தியை முடித்துவிட்டு அடுத்த சாலைச் சந்திக்குப் போய்விடுகிறது.

அந்த வரி முடிகிற இடத்தில் ரஜனி திராணகம தொடங்குகிறார். யாழ்ப்பாண மருத்துவ பீடத்தில் உடற்கூற்றியல் துறைத் தலைவர்; இரண்டு பெண் குழந்தைகளின் தாய்; ஒரு காலத்தில் புலிகளுக்கு மருத்துவ உதவி செய்தவர். ராஜன் ஹூல், தயா சோமசுந்தரம், சிறீதரன் ஆகியோரோடு சேர்ந்து அவர் எழுதிய ‘முறிந்த பனை’யில், 1987 அக்டோபர்ப் போரில் பெண்களின் அனுபவம் பற்றி ஓர் அத்தியாயம் உண்டு. அவர் வீடு வீடாகப் போய்க் கேட்டிருக்கிறார். வல்லுறவுக்கு ஆளான சிறுமியும் முதியவளும் அதில் இருக்கிறார்கள். முகாம் வாசலில் மகனுக்காக நிற்கும் தாயும், ஆண்கள் வெளியே வரப் பயந்தபோது சிப்பாயோடு வாதாடியவளும் இருக்கிறார்கள். பெண்கள் அழுகிறவர்களாக மட்டும் வருவதில்லை, வாக்கியத்தை நடத்துகிறவர்களாகவும் வருகிறார்கள்.

எனக்கு அதைவிட முக்கியமாகப்படுவது வேறு. சிப்பாய் போன பிறகும் அவர் பேனாவைக் கீழே வைக்கவில்லை. கெடுக்கப்பட்ட பெண்ணை ஊர் எப்படிப் பார்த்தது, கல்யாணம், மானம் என்று சொந்தச் சமூகம் அவளை எப்படி இரண்டாவது முறை தண்டித்தது என்பதையும் எழுதுகிறார். ஆயுதம் ஏந்திய பெண்களைப் பற்றி எழுதும்போது அவர்களைத் தெய்வமாக்குவதும் இல்லை, இகழ்வதும் இல்லை. இந்திய இராணுவத்தை மட்டும் வில்லனாக நிறுத்தி மற்றதை மூடிவைக்க விரும்பும் தமிழ்நாட்டு வாசிப்புக்கு இது ஒத்துவராது. நம் மேடைகளில் மேற்கோள் காட்டுகிறவர்கள் பாதி அத்தியாயத்தைத்தான் காட்டுகிறார்கள்.

1989 செப்டம்பர் 21 அன்று வேலை முடிந்து சைக்கிளில் வீட்டுக்குப் போகும் வழியில் அவரைச் சுட்டுக் கொன்றார்கள். வயது 35. நூல் அவர் இறந்த பிறகு, 1990இல் வெளிவந்தது. கொன்றது புலிகள் என்றே அவருடைய தோழர்களும் குடும்பத்தினரும் சொல்லி வந்திருக்கிறார்கள்.

மட்டக்களப்பின் பூபதியை நினைத்துக்கொள்கிறேன். பத்துப் பிள்ளைகளின் தாய். போர்நிறுத்தமும் பேச்சுவார்த்தையும் கேட்டு மாமாங்கப் பிள்ளையார் கோயிலடியில் 1988 மார்ச் 19 அன்று உண்ணாவிரதம் தொடங்கி, ஏப்ரல் 19 அன்று இறந்தார். பிறகு ‘அன்னை’ ஆனார், படத்துக்கு மாலை விழுந்தது. அவருக்குப் பெயர் கிடைத்தது என்பது உண்மைதான். கேட்டது போர்நிறுத்தம் என்பது மாலைக்குள் மறைந்துவிட்டது. நடுகல்லின் சாமரப் பெண் ஞாபகம் வருகிறாள்.

இதையெல்லாம் வகுப்பில் சொன்னபோது அந்த மாணவி, நாய்க்கதையில் குறுக்கே கேட்டவள், வாயே திறக்கவில்லை. வெளியே வந்து சொன்னாள், அவள் தாத்தா அந்தப் படையில் போனவர் என்று. வேலூர், திருவண்ணாமலைப் பக்கம் இது அதிசயமில்லை. வீட்டுக்கு வீடு பட்டாளத்துக்காரர் இருக்கும் ஊர்கள் உண்டு. தமிழ் தெரியும் என்பதால் சோதனைச்சாவடியில் பேச அவரைத்தான் நிறுத்துவார்களாம். “தாத்தா ஒண்ணும் சொல்லாது மேடம். ஆயாதான் சொல்லும். அங்க பொம்பளைங்க ‘தம்பி, தம்பி’ன்னு கையப் புடிச்சிக்கினு அழுவாங்களாம். அத ஒருதபா சொல்லிட்டு, அதுக்கப்புறம் அந்தப் பேச்சே இல்லியாம்.” திரும்பி வந்தபோது ஊரிலும் யாரும் கேட்கவில்லை. சென்னைத் துறைமுகத்தில் அந்தப் படையை வரவேற்க முதலமைச்சர் கருணாநிதி போக மறுத்திருந்த நேரம். பெருமையாகவும் பேச முடியாது, குற்றமாகவும் பேச முடியாது. அந்த மௌனத்துக்கு முப்பத்தைந்து வருஷமாகச் சோறு போட்டவள் ஆயா. கடிதம் வராத இரண்டு மாதம் தபால்காரர் வரும் வழியில் போய் நின்றவளும் அவள்தான்.

இராணுவ நூல்களின் மேல் எனக்கிருந்த கோபம் அன்று கொஞ்சம் இடம் மாறியது. அவை யாழ்ப்பாணத்துப் பெண்ணை விட்டுவிட்டன என்பதை மட்டும் கவனித்திருந்தேன். அந்த ‘தம்பி’யைக் கேட்ட சிப்பாயும் அவற்றில் இல்லை, அதை ஒரே ஒரு முறை கேட்டு இத்தனை வருஷம் வைத்திருந்தவளும் இல்லை. இன்னொன்றும் சொல்லத்தான் வேண்டும், ரஜனியிடமும் இந்த ஆயா இல்லை. சுற்றிவளைக்கப்பட்ட ஊரில் உட்கார்ந்து எழுதியவரிடம் அதைக் கேட்பது நியாயமில்லை. கடலுக்கு இந்தப் பக்கம் இருந்த நாம் எழுதியிருக்க வேண்டிய அத்தியாயம் அது.

கொழும்பில் இந்தப் படைக்குக் கருங்கல் நினைவுச்சின்னம் இருக்கிறது, செத்த வீரர்களின் பெயர்களோடு. தாத்தா உயிரோடு திரும்பியவர் என்பதால் அதில் அவர் பெயர் இல்லை.

அத்தியாயத்தை ஜெராக்ஸ் எடுத்துக் கொடுத்தேன். தாத்தாவுக்குப் படித்துக் காட்டலாமா என்று கேட்டாள். எனக்குப் பதில் தெரியவில்லை, உனக்குத் தோன்றுகிறபடி செய் என்றேன். பதினைந்து நாள் கழித்து வந்தாள். ஆயா தாள்களை வாங்கி அரிசிப்பானைக்குப் பின்னால் வைத்திருக்கிறதாம். முதலில் தனக்குப் படித்துக் காட்டச் சொல்லியிருக்கிறது, தாத்தா கழனிக்குப் போயிருக்கும் நேரத்தில். இதுவரை நாலு பக்கம் ஆகியிருக்கிறது.