மௌனத்தின் பொறுப்பு: ஜி. அரவிந்தனின் 'சிதம்பரம்' குறித்து ஒரு மறுவாசிப்பு

மலையாளத் திரைப்பட இயக்குநர் ஜி. அரவிந்தனின் (1935–1991) படைப்புகளைப் பற்றிய மதிப்பீடுகள் பெரும்பாலும் 'தியானம்', 'மௌனம்' என்னும் இரு சொற்களோடு நின்றுவிடுகின்றன. அம்மௌனம் யாருடையது, அதனால் ஆறுதல் பெறுவோர் யார் என்னும் வினாக்கள் அரிதாகவே எழுகின்றன. 'சிதம்பரம்' (1985) இவ்வினாக்களைத் தவிர்க்க இயலாதவையாக்குகிறது என்பதே இக்கட்டுரையின் கருதுகோள்.

ரப்பர் வாரியத்தில் பணியாற்றிய அரவிந்தன், 1961 முதல் மாத்ருபூமி வார இதழில் 'சிறிய மனிதர்களும் பெரிய உலகமும்' என்னும் கேலிச்சித்திரத் தொடரை வரைந்தவர். 'உத்தராயணம்' (1974) வழியே இயக்குநரானார். 'காஞ்சன சீதா'வில் (1977) சீதை மனித உருவில் தோன்றுவதில்லை. இயற்கையின் அசைவுகளாகவே உணர்த்தப்படுகிறாள். 'தம்பு' (1978) பாரதப்புழைக் கரையில் கூடாரமிடும் சர்க்கஸ் குழுவை, இறுகிய கதைப்பின்னலின்றி, வேடிக்கை பார்க்கும் ஊராரின் முகங்களோடு சேர்த்துக் காட்டுகிறது. இவ்விரு படங்களிலும் மௌனம் பார்வையாளரின் கவனத்தைக் கூர்மைப்படுத்தும் உத்தியாக அமைகிறது.

சி.வி. ஸ்ரீராமனின் சிறுகதையைத் தழுவிய 'சிதம்பரம்' படத்தில் அதன் இயல்பு மாறுகிறது. மலைப்பகுதி அரசுப் பண்ணை ஒன்றில் அலுவலராக இருப்பவன் சங்கரன். அங்குக் கால்நடைகளைப் பேணும் தமிழ்த் தொழிலாளி முனியாண்டி. முனியாண்டி மணந்து அழைத்துவரும் சிவகாமிக்கும் சங்கரனுக்கும் உறவு ஏற்படுகிறது. அதை அறிந்த முனியாண்டி உயிரை மாய்த்துக்கொள்கிறான். குற்றவுணர்வு துரத்த, குடியிலும் அலைச்சலிலும் காலங்கழித்த சங்கரன் இறுதியில் சிதம்பரம் கோயிலை அடைகிறான்.

சங்கரன், சிவகாமி என்னும் பெயர்களும் தில்லைத் தலமும் தத்துவ வாசிப்பொன்றுக்கு வழிகோலுகின்றன. புருடனும் பிரகிருதியும் பிரிந்து கூடுவதாக இக்கதையைக் கொள்ள இடமுண்டு. ஆயினும் அவ்வாசிப்பில் முனியாண்டியின் சாவு வெறும் இடைநிகழ்வாகச் சுருங்கிவிடுகிறது. மேலும், படத்தின் பிற்பகுதி முழுவதும் சங்கரனின் துயரையே பின்தொடர்கிறது. அதே காலத்தைச் சிவகாமி எவ்வாறு கடந்தாள் என்பது காட்டப்படுவதில்லை. அலுவலனின் மௌனத்திற்குப் பயணமும் நிலவெளியும் வாய்க்கின்றன. தொழிலாளியின் மனைவியுடைய மௌனத்திற்கு எதுவும் வாய்ப்பதில்லை.

இறுதிக் காட்சி இவ்வேற்றத்தாழ்வை வெளிப்படுத்துகிறது. கோயில் வாயிலில் காலணிகளைக் காப்பவளுக்குக் காசு கொடுக்க முனையும் சங்கரன், அவள் சிவகாமியே என உணர்கிறான். பின்னர் ஒளிப்பதிவுக் கருவி கோபுரத்தை நோக்கி மேலெழுகிறது. இதனை விடுதலையின் குறியீடாகக் கொள்வது எளிது. ஆனால் அவ்வசைவு சிவகாமி அமர்ந்திருக்கும் தரையிலிருந்தே தொடங்குகிறது என்பதை மறத்தலாகாது. பார்வை உயர்ந்த பின்னரும் அவள் அங்கேயே இருக்கிறாள். 'காஞ்சன சீதா'வில் சீதையை இயற்கையாக்க இயன்ற அரவிந்தனால், சிவகாமியை அவ்வாறு கரைத்துவிட இயலவில்லை. அவள் பிழைப்புக்கு உழைக்கும் பெண்ணாகவே எஞ்சுகிறாள்.

எனவே 'சிதம்பரம்' தரும் அமைதி நிறைவுற்ற அமைதியன்று. தன் மௌனத்தின் எல்லையை அரவிந்தன் இங்குத் தாமே தொட்டுக்காட்டுகிறார். அவ்வெல்லையைக் காணாத விமர்சனம், சங்கரனைப் போன்றே, சிவகாமியை வாயிலில் விட்டுவிட்டுக் கோபுரத்தை மட்டுமே காண்பதாக முடியும்.