இல்லாத சுவடியின் பாடவேறுபாடுகள்: டோல்கீனின் ‘வெஸ்ட்மார்ச் செந்நூல்’

முன்னுரை

கற்பனை உலகம் ஒன்றைப் படைக்கும் புனைவாசிரியர் அவ்வுலகிற்குரிய பழஞ்சுவடி ஒன்றையும் உடன் படைத்துக்கொள்வது மேலைப் புனைகதை மரபில் புதிதன்று. பெரும்பாலான நூல்களில் அச்சுவடி முன்னுரையோடு மறைந்துவிடுகிறது. கதைக்குள் அதற்கு வேலையில்லை. ஜே. ஆர். ஆர். டோல்கீனின் ‘தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ (1954–55) தனக்கு மூலமாகச் சுட்டும் ‘வெஸ்ட்மார்ச் செந்நூல்’ இவ்வகையிலிருந்து விலகி நிற்கிறது. அதற்கு எழுதியோர், படியெடுத்தோர், காத்துவந்த குடும்பம், படிகளின் வழிமரபு, பாடவேறுபாடு ஆகிய அனைத்தும் உண்டு. இவ்விவரங்கள் நம்பகத்தன்மைக்காகச் சேர்த்த ஒப்பனைதாமா, கதைப்பொருளிலேயே பங்கு கொள்கின்றனவா என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது.

படிகளின் வழிமரபு

டோல்கீன் தொழிலால் மூலபாட ஆய்வாளர். ஈ. வி. கார்டனுடன் இணைந்து ‘சர் கவேயின்’ காவியத்தை 1925இல் பதிப்பித்தவர். ‘செந்நூல்’ என்னும் பெயரே வேல்ஸ் நாட்டின் ‘ஹெர்கெஸ்ட் செந்நூலை’ நினைவூட்டுகிறது. 1965இல் வெளிவந்த இரண்டாம் பதிப்பில் அவர் சேர்த்த ஆவணக் குறிப்பு, பதிப்பாசிரியர் ஒருவரின் சுவடி விளக்கம் போலவே அமைந்துள்ளது. பில்போவின் நாட்குறிப்பில் தொடங்கி ஃப்ரோடோவும் சாமும் வளர்த்தெடுத்த மூலச்சுவடி அழிந்துவிட்டது. மன்னர் விருப்பப்படி எடுக்கப்பட்ட முதற்படி கோண்டோர் நாட்டுக்குச் சென்று, அங்குத் திருத்தங்களும் உரைக்குறிப்புகளும் பெற்றது. அதனைப் பார்த்து ஃபிண்டெகில் என்னும் அரசவை எழுத்தர் எடுத்த படியே முதன்மை வாய்ந்தது; எல்ஃப் மொழிகளிலிருந்து பில்போ பெயர்த்த மூன்று தொகுதிகளும் முழுமையாக உள்ள படி அது ஒன்றே. நடுவில் கற்றோர் கைபட்டுத் திருந்திய பாடமே வாசகரை வந்தடைகிறது என்பதை ஆசிரியரே ஒப்புக்கொள்வது இங்குக் கருதத்தக்கது.

பாடவேறுபாடாகிய பொய்

இச்சுவடிக் கற்பனையின் உண்மையான வலிமை வேறோர் இடத்தில் வெளிப்படுகிறது. ‘தி ஹாபிட்’ நூலின் 1937ஆம் ஆண்டுப் பதிப்பில், விடுகதைப் போட்டியில் தோற்றால் மோதிரத்தைப் பரிசாகத் தருவதாகக் கோலம் வாக்களிக்கிறான். தோற்றபின் மோதிரம் காணாமற்போகவே மன்னிப்புக் கேட்டு, அதற்கு ஈடாக பில்போவுக்கு வெளியேறும் வழியைக் காட்டுகிறான். பின்னர் எழுதப்பட்ட பெருங்கதையில் மோதிரம் எவரும் மனமுவந்து விட்டுக்கொடுக்க இயலாத தீய பொருளாக வளர்ந்துவிட்டது. எனவே அந்த இயல் பொருந்தாமற்போயிற்று. டோல்கீன் 1947இல் மாதிரியாக எழுதிப் பதிப்பகத்துக்கு அனுப்பிய திருத்தம், அவரே எதிர்பாராத வகையில் அச்சுப்படியில் இடம்பெற்று, 1951ஆம் ஆண்டுப் பதிப்பில் நிலைபெற்றது. ஆயினும் பழைய பதிப்பு வாசகர் கைகளில் இருந்தது. அதனைத் திரும்பப் பெற இயலாது.

அவர் கண்ட தீர்வு மூலபாட ஆய்வாளருக்கே உரியது. 1937ஆம் ஆண்டுப் பாடம் பிழையாக விலக்கப்படவில்லை. அது பில்போ தன் நாட்குறிப்பில் எழுதிவைத்த பொய்யாக்கப்பட்டது. பெருங்கதையின் தோற்றுவாயின்படி, செந்நூலின் சில படிகளில் பொய்ப்பாடமும், வேறு பலவற்றில் ஃப்ரோடோ அல்லது சாமின் குறிப்புகளிலிருந்து வந்த மெய்ப்பாடமும் காணப்படுகின்றன. முதியவர் தம் கையால் எழுதியதை அழிக்க அவர்கள் விரும்பவில்லை என்று ஒரு காரணமும் தரப்படுகிறது. படியெடுப்போர் அறம் பற்றி இதனினும் நுட்பமான புனைவுச் சித்திரம் அரிது. அதனினும் முக்கியமானது, நேர்மையாளரான பில்போ ஏன் பொய் எழுதினார் என்னும் வினா. மோதிரத்தின் மீது தமக்குள்ள உரிமையை நிலைநாட்டவே எழுதினார் என்பதை உணர்ந்த காண்டால்ஃப் ஐயம் கொள்கிறார். மோதிரம் உள்ளத்தைக் கெடுக்கும் என்பதற்கு முதற்சான்று கதையின் நிகழ்ச்சி எதிலும் இல்லை. இரு பாடங்களுக்கிடையிலான வேறுபாட்டில் உள்ளது. சுவடிச் சட்டகத்தை நீக்கினால் இச்சான்றும் நீங்கிவிடும்.

எரிந்த ஏடுகள்

மோரியாச் சுரங்கத்தில் கிடைக்கும் ‘மஸார்புல் ஏடு’ வெட்டுண்டு, பாதி எரிந்து, கறைபடிந்து இருப்பதாகக் கதை கூறுகிறது. டோல்கீன் அதன் மூன்று தாள்களைத் தம் கையால் உருவாக்கி, ஓரங்களைப் புகைக்குழாயால் கருக்கி, கட்டுத்துளைகளும் இட்டார். வண்ண அச்சுச் செலவு கருதிப் பதிப்பகம் அவற்றைச் சேர்க்கவில்லை. 1979இல்தான் அவை வெளிவந்தன. 1731ஆம் ஆண்டுத் தீவிபத்தில் ஓரங்கள் கருகிய ‘பேவுல்ஃப்’ சுவடியை வாழ்நாள் முழுதும் பயின்றவர், விடுபட்ட சொற்களுக்கிடையே பொருள் தேடும் வாசிப்பைக் காண்டால்ஃபிடம் ஒப்படைத்திருப்பது இயல்பே. எனினும் இங்கு ஒரு முரண் உண்டு. பிற்சேர்க்கையின்படி நூல் முழுவதும் வெஸ்ட்ரான் மொழியிலிருந்து பெயர்க்கப்பட்டது. தாள்களிலோ விசித்திர எழுத்துகளில் ஆங்கிலமே எழுதப்பட்டுள்ளது. மூலத்தின் நேர்படி என்று காட்டப்படுவது பெயர்ப்பின் மொழியில் இருக்க இயலாது. இதனை டோல்கீனே பிற்காலக் கட்டுரையொன்றில் உணர்ந்து எழுதினார்.

சட்டகம் தளரும் இடங்கள்

முரண் இஃது ஒன்றோடு நிற்கவில்லை. முதற்பகுதியில் காட்டுவழியே செல்லும் நரியொன்று, உறங்கும் ஹாபிட்டுகளைக் கண்டு வியந்து எண்ணுவது சொல்லப்படுகிறது. அவ்வெண்ணத்தை எந்த ஹாபிட் பதிவு செய்திருக்க முடியும்? படியெடுத்தோர் இடைச்செருகல் என்று அமைதி கூறலாம்; ஆனால் அது நூலின் குறையைத் திறனாய்வாளர் மறைப்பதாகவே முடியும். கதைசொல்லி சுவடியை மறந்த இடம் அது என்று கொள்வதே நேரிது.

இதற்கு மறுதலையான இழப்பு 1977இல் நேர்ந்தது. கிறிஸ்டோபர் டோல்கீன் ‘தி சில்மரில்லியன்’ நூலைப் பதிப்பித்தபோது, தந்தை விட்டுச்சென்ற முரண்பட்ட வரைவுகளிலிருந்து ஒற்றைப் பாடத்தை அமைத்தார். யார் சொன்ன கதை, எவ்வழி வந்தது என்னும் சட்டகம் அதில் இடம்பெறவில்லை. பில்போவின் மூன்று தொகுதிப் பெயர்ப்பே அதன் மூலம் என்று கொள்ள வாய்ப்பிருந்தும் அது பயன்படுத்தப்படவில்லை. விளைவாக, எல்ஃப்களின் மரபுவழிப் பார்வை என்று வாசிக்க வேண்டியவை அவ்வுலகின் ஐயமற்ற வரலாறாக வாசிக்கப்படுகின்றன. சட்டகமின்றி வெளியிட்டது தவறு என்று 1983இல் அவரே முன்னுரையில் எழுதினார். அம்முன்னுரையோடு தொடங்கி 1996 வரை வெளிவந்த 12 தொகுதிகளில், அவ்வரைவுகளைத் தனித்தனியே, வேறுபாடுகளை ஒன்றாக்காமல், குறிப்புகளுடன் பதிப்பித்தார்.