முன்கதையும் மூலக்கதையும்: ‘எட்ஜ்ரன்னர்ஸ்’ தொடரின் காலத் தொடர்பு பற்றிய ஒரு நோக்கு

ஒரு கதை கூறப்பட்டு முடிந்த பின்னர், அதற்கு முன் நிகழ்ந்தவற்றைக் கூறப் புகும் ஆக்கம் இரு காலங்களுக்கு உட்பட்டது. கதையின் காலம் ஒன்று. ஆக்கத்தின் காலம் மற்றொன்று. கதையின் காலத்தில் அது மூத்தது. ஆக்கத்தின் காலத்தில் அது இளையது. முன்கதை என்னும் வடிவத்தின் அடிப்படைச் சிக்கல் இம்முரண்பாட்டிலேயே தங்கியுள்ளது. முன்கதையின் மாந்தர் தமக்குப் பின்னர் நிகழவிருப்பதை அறியார். சுவைஞரோ அதனை ஏலவே அறிந்தவர். மூலக்கதையின் மாந்தரும் தமக்கு முன்னர் நிகழ்ந்தனவாகப் பிற்காலத்திற் சேர்க்கப்பட்டவற்றை அறியார். ஏனெனில் அவர்கள் படைக்கப்பட்ட வேளையில் அவை எண்ணப்பட்டிருக்கவே இல்லை. இவ்விருவகை அறியாமையையும் எவ்வாறு கையாளுகின்றது என்பதைக் கொண்டே ஒரு முன்கதையின் தகுதி கணிக்கப்படல் வேண்டும்.

இந்நோக்கில் ஆராயத்தக்க ஆக்கங்களுள் ஒன்று, 2022 செப்ரெம்பரில் நெற்ஃபிளிக்ஸ் வாயிலாக வெளிவந்த ‘சைபர்பங்க்: எட்ஜ்ரன்னர்ஸ்’ என்னும் பத்துப் பகுதிகளாலான ஜப்பானிய அனிமே தொடராகும். ட்ரிகர் கலையகத்தார் தயாரித்த இத்தொடரை ஹிரோயுக்கி இமாய்ஷி நெறிப்படுத்தினார். போலந்து நாட்டின் சீ.டீ. புரொஜெக்ட் ரெட் நிறுவனம் 2020 டிசெம்பரில் வெளியிட்ட ‘சைபர்பங்க் 2077’ என்னும் கணினி விளையாட்டுக்கு இது முன்கதையாய் அமைந்தது.

அவ்விளையாட்டும் தனி மூலமன்று. அமெரிக்கரான மைக் பொண்ட்ஸ்மித் 1988 இல் உருவாக்கிய, மேசையைச் சுற்றியிருந்து பாத்திரமேற்று ஆடும் விளையாட்டே இதன் தோற்றுவாய். அதன் முதற் பதிப்பு 2013 ஆம் ஆண்டையும், 1990 இல் வந்த இரண்டாம் பதிப்பு 2020 ஆம் ஆண்டையும் களமாகக் கொண்டன. பின்னர் வந்த மற்றொரு பதிப்பு 2045 இற்குச் சென்றது. கணினி விளையாட்டு 2077 இல் நிகழ்கின்றது. அனிமே தொடரோ அதற்கு ஏறத்தாழ ஓராண்டு முற்பட்ட காலத்தைக் காட்டுகின்றது. ஆகவே முப்பது ஆண்டுகளுக்கு மேலாகப் பலர் சேர்ந்து எழுதிவந்த ஒரு கற்பனை வரலாற்றின் இடையே, மிகச் சிறியதோர் இடைவெளியிற் செருகப்பட்ட கதை இதுவாகும்.

கதையின் சுருக்கத்தை இவ்விடத்துக் குறித்தல் பொருந்தும். நைற் சிற்றி என்னும் நகரில், அரசாகா என்னும் பெருங் கம்பனியின் கல்லூரியிற் பயிலும் ஏழை மாணவன் டேவிட் மார்ட்டினஸ். அவசர மருத்துவ ஊழியையான தாய் குளோரியா, தன் உழைப்பனைத்தையும் அவன் கல்விக்கே செலவிடுகின்றாள். வீதியிற் பிறர் நடத்திய மோதலிற் சிக்கி அவள் இறக்கின்றாள். ஆதரவிழந்த டேவிட், அவள் விட்டுச்சென்ற ‘சண்டேவிஸ்தான்’ என்னும் போர்க்கருவியைத் தன் முதுகெலும்பிற் பொருத்திக்கொண்டு, கூலிக்குச் சட்டவிரோத வேலை செய்யும் மெய்ன் என்பவனின் குழுவிற் சேர்கின்றான். அங்கு லூசி என்னும் பெண்ணுடன் காதல் கொள்கின்றான். மெய்ன் சித்தங்கலங்கி மாண்டபின் குழுவின் தலைமை டேவிட்டிடம் வருகின்றது. உடலில் மேலும் மேலும் இயந்திரங்களைப் பொருத்தும் அவனும், ஈற்றில் லூசியைக் காக்கும் முயற்சியில், அரசாகாவின் கொலைஞன் அடம் ஸ்மாஷரினால் கொல்லப்படுகின்றான். லூசி மட்டும் தான் கனவு கண்ட சந்திரனைச் சென்றடைகின்றாள்.

இத்தொடருக்கும் விளையாட்டுக்குமிடையிலான தொடர்புகளைப் புறத்தொடர்பு, அகத்தொடர்பு என இருவகையாகப் பகுக்கலாம்.

புறத்தொடர்புகள் எளிதிற் புலப்படுபவை. நகரின் வீதிகள், மதுச்சாலை, தொலைபேசி அழைப்பின் வடிவம் முதலியன விளையாட்டிற் கண்டவாறே தொடரிலும் தோன்றுகின்றன. விளையாட்டின் வானொலியில் ஒலித்த பாடலொன்று தொடரில் டேவிட் - லூசி காதலின் இசையாக மாறியுள்ளது. தொடர் வெளிவந்த அதே மாதத்தில் விளையாட்டின் திருத்தப் பதிப்பொன்று டேவிட் அணிந்த மேலங்கியையும் ரெபெக்காவின் துப்பாக்கியையும் விளையாட்டினுள்ளே சேர்த்தது. இவை பார்வையாளரை மகிழ்விக்கும் அடையாளங்கள். ஆயினும் இவற்றால் மட்டும் ஒரு முன்கதை பொருளுடையதாகிவிடாது. தெரிந்த பொருளை மீண்டும் காணும் மகிழ்ச்சி வேறு. தெரிந்த பொருளைப் புதிதாக விளங்கிக்கொள்ளும் மகிழ்ச்சி வேறு.

அகத்தொடர்புகளே ஆராய்ச்சிக்குரியவை. அவற்றுள் முதன்மையானது உடலுக்கும் இயந்திரத்துக்குமான உறவு. பொண்ட்ஸ்மித்தின் மேசை விளையாட்டில், உடலிற் பொருத்தப்படும் ஒவ்வோர் இயந்திரமும் பாத்திரத்தின் மனிதத்தன்மையைக் குறிக்கும் எண்ணிலிருந்து ஒரு பகுதியைக் கழித்துவிடும். அவ்வெண் தேய்ந்து முடியுமாயின் பாத்திரம் சித்தங்கலங்கி, ஆடுபவரின் கையைவிட்டு நீங்கும். ஆற்றலுக்கு விலையுண்டு என்பது அங்கு கதையில் வரும் அறிவுரையன்று. கணக்கில் வரும் விதியாகும்.

2020 இன் கணினி விளையாட்டில் இவ்விதி தளர்ந்துபோயிற்று. சித்தங்கலங்கியோர் அங்கும் உளர். அவர்களைத் தேடிச்சென்று, இயலுமாயின் உயிருடன் அடக்குமாறு வேண்டும் பதினேழு பணிகள் ஆடுபவருக்கு அளிக்கப்படுகின்றன. ஆயின் நோயாளர் எப்போதும் பிறரே. ஆடுபவர் இயக்கும் ‘வீ’ என்னும் பாத்திரம் எத்தனை கருவிகளை உடலில் ஏற்றினும் அதன் சித்தம் பிறழ்வதில்லை. ஆடுபவருக்கு வேண்டிய ஆற்றலை மட்டும் வழங்கி, அதன் விலையைப் பிறர் தலையிற் சுமத்தும் அமைப்பு இது. விளையாட்டின் வசதிக்காகச் செய்யப்பட்ட இவ்விலக்கு, அதன் உலகநோக்கையே ஓரளவு பொய்யாக்கிவிட்டது.

தொடர் இப்பிழையைத் திருத்துகின்றது. மேசை விளையாட்டின் பழைய விதியை அது கதையின் ஊழாக மீட்டெடுக்கின்றது. முதலாம் பகுதி சித்தங்கலங்கிய ஒரு படைவீரனின் வெறியாட்டத்துடனேயே தொடங்குகின்றது. டேவிட் பின்னர் தன் முதுகெலும்பிற் பொருத்தும் கருவி அவனுடைய உடலிலிருந்து எடுக்கப்பட்டதாகும். ஆகவே கதாநாயகனின் முடிவு முதற்காட்சியிலேயே காட்டப்பட்டுவிட்டது. மெய்னின் வீழ்ச்சி இடையில் அதனை மீண்டும் நினைவூட்டுகின்றது. தான் மற்றவரைப் போன்றவனல்லன், தன் உடல் தாங்கும் என டேவிட் நம்புகின்றான். விளையாட்டை ஆடியோர் ஒவ்வொருவரும் ‘வீ’யை இயக்குகையிற் கொண்டிருந்த நம்பிக்கையும் அதுவே. அந்நம்பிக்கையைத் தொடர் தகர்க்கும்போது, அது டேவிட்டை மட்டுமன்றி ஆடுபவரையும் தீர்ப்புக்கு உட்படுத்துகின்றது.

இதன் விளைவு பின்னோக்கியும் சென்றது என்பது குறிப்பிடத்தக்கது. 2023 செப்ரெம்பரில் விளையாட்டின் விதிகள் பெருமளவில் மாற்றியமைக்கப்பட்டன. உடல் தாங்கக்கூடிய கருவிகளுக்கு ஓர் எல்லை வகுக்கப்பட்டது. அவ்வெல்லையை மீற விரும்புவோர் தம் உயிர்வலுவின் ஒரு பகுதியை இழந்து மீறுவதற்கான ஆற்றலொன்றும் சேர்க்கப்பட்டது. அவ்வாற்றலுக்கு இடப்பட்ட பெயர் தொடரின் பெயரே. முன்கதை மூலக்கதையின் காலநிரலில் இடம்பெற்றதோடு நில்லாது, மூலக்கதையின் விதியையும் திருத்தியது. முற்றான திருத்தமன்று, ‘வீ’ அப்போதும் சித்தங்கலங்குவதில்லை. எனினும் விலையின்றி ஆற்றலில்லை என்னும் கோட்பாடு ஆடுபவரின் உடலையும் எட்டியது.

இரண்டாவது அகத்தொடர்பு அடம் ஸ்மாஷர் என்னும் பாத்திரத்தின் வழியே அமைகின்றது. மேசை விளையாட்டின் காலந்தொட்டு வருபவன் இவன். ஏறத்தாழ முழுவதும் இயந்திரமாகிய உடல். கம்பனிக்குக் கொலைசெய்வதன்றி வேறு வாழ்வில்லை. கதை வரலாற்றின்படி 2023 இல் இசைக்கலைஞனும் கிளர்ச்சியாளனுமான ஜோனி சில்வர்ஹான்ட்டை வீழ்த்தியவனும் இவனே. விளையாட்டின் பல முடிவுகளில் ‘வீ’ இவனை எதிர்கொள்கின்றது. 2020 இல் அம்மோதலுக்கு அடிப்படையாய் இருந்தது பெரும்பாலும் ஜோனியின் பழம்பகையே. தொடரைக் கண்டபின் அதே மோதலுக்கு வருவோருக்கு, டேவிட்டினதும் ரெபெக்காவினதும் மரணங்கள் முன்னே நிற்கின்றன. விளையாட்டின் காட்சி அதுவே. அதன் பொருள் வேறாகிவிட்டது.

இங்கு நுணுகி நோக்கவேண்டியதொன்றுண்டு. டேவிட்டை ‘வீ’ நேரில் அறிந்ததில்லை. பழிவாங்கும் உணர்ச்சி பாத்திரத்தினுடையதன்று. பாத்திரத்தை இயக்கும் மனிதருடையது. கிரேக்கத் துன்பியல் நாடகத்தில் அவையோர் அறிந்ததைப் பாத்திரம் அறியாதிருத்தல் அவலத்தை மிகுவித்தது. இங்கோ அவையோனே பாத்திரத்தின் கையை இயக்குகின்றான். தான் அறிந்த துயரை, அதனை அறியாத ஒரு கையினால் தீர்க்கின்றான். முன்கதையும் கணினி விளையாட்டும் இணையும்போது மட்டுமே இயலும் அனுபவம் இது. நாவலோ திரைப்படமோ இதனை இவ்வடிவில் தரவியலாது.

மூன்றாவது தொடர்பு மௌனத்தின் தொடர்பு. 2020 இல் வெளிவந்த வடிவில் டேவிட்டின் கதை விரித்துரைக்கப்படவில்லை. அப்போது அப்பாத்திரம் வெளியுலகுக்கு வந்திராமையே காரணம். அரசாகாவின் கோபுரத்தையே தாக்கிய ஒருவனை ஓராண்டுக்குள் நகர் மறந்துவிட்டதா என வினவுதல் இயல்பு. வெறும் தருக்கமுறையில் இது ஒரு குறையே. ஆயின் அந்நகரின் இயல்பை நோக்குமிடத்து, இக்குறையே பொருத்தமான பொருளைத் தருகின்றது. இறந்த கூலிப்போராளிகளுக்கு அந்நகர் வழங்கும் உச்ச மதிப்பு, ‘ஆஃப்டர்லைஃப்’ என்னும் மதுச்சாலையில் ஒரு மதுவுக்கு அவர்களின் பெயரைச் சூட்டுதலாகும். அம்மதுச்சாலையோ முன்னர் பிணவறையாய் இருந்த இடம். மனிதனின் வாழ்வு ஒரு விற்பனைப் பண்டத்தின் பெயராய்ச் சுருங்குகின்ற சமுதாயத்தில், மறதி விதிவிலக்கன்று, அதுவே வழமை. விளையாட்டின் தொடக்கத்தில் தரகன் ஒருவன் ‘வீ’யிடம், பெயரின்றி நெடிது வாழ்தலா, புகழுடன் விரைந்து மடிதலா என வினவுகின்றான். டேவிட்டின் கதை அவ்வினாவுக்கு முன்கூட்டியே அளிக்கப்பட்ட விடை: விரைந்து மடிந்தவனுக்கும் புகழ் உறுதியன்று.

தொடரின் சமூகநோக்கும் இவ்விடத்திலேயே வலுப்பெறுகின்றது. டேவிட் தனக்கென ஒரு கனவு இல்லாதவன். கம்பனியின் உச்சியை அவன் அடையவேண்டும் என்பது தாயின் கனவு. பின்னர் மெய்னின் வழியைத் தன் வழியாக்கினான். ஈற்றில் லூசியின் சந்திரனைத் தன் இலக்காக்கினான். பிறர் கனவுகளைச் சுமந்தே அழிகின்றான். இதனைத் தனிமனித பலவீனமாக மட்டும் கொள்ளல் தவறு. கல்வி, மருத்துவம், தகனம் எனப் பிறப்பு முதல் இறப்பு வரை யாவும் விலைப்படுத்தப்பட்ட நகரில், ஏழையொருவனுக்குச் சொந்தக் கனவு என்பது எட்டாப் பொருள். தாயின் சாம்பலைச் சிறு கொள்கலனிற் பெற்றுக்கொள்ளும் மைந்தனின் காட்சி, நீண்ட விளக்கங்களால் உணர்த்தவியலாததை உணர்த்திவிடுகின்றது.

குறைகளும் உள. மெய்னின் மரணத்துக்கும் டேவிட்டின் தலைமைக்குமிடையிலான காலம் ஒரே தாவலிற் கடக்கப்படுகின்றது. அவன் உடலும் உள்ளமும் மாறிய படிமுறை பார்வையாளரின் ஊகத்துக்கே விடப்படுகின்றது. கிவியின் துரோகத்துக்குப் போதிய உளவியல் அடித்தளம் இடப்படவில்லை. லூசி, சிறுவயதில் அரசாகாவினால் வலையமைப்பினுள் ஊடுருவப் பயிற்றப்பட்டுத் தப்பியவள். தனிக் காவியத்துக்குரிய அவள் வரலாறு, டேவிட்டின் தியாகத்துக்குக் காரணமாகும் அளவில் ஒடுங்கிவிடுகின்றது.

இவற்றினும் பெரிதான வினா ஒன்றுண்டு. 2020 இல் வெளிவந்த விளையாட்டு தொழினுட்பக் கோளாறுகளாற் கடுங் கண்டனத்துக்குள்ளாகியது. சோனி நிறுவனம் அதனைத் தன் இணைய விற்பனையிலிருந்து ஆறு மாதம்வரை நீக்கியும் வைத்தது. தொடர் வெளிவந்ததும் நாளொன்றுக்குப் பத்து இலட்சம் பேர் விளையாட்டுக்கு வந்தனர் என சீ.டீ. புரொஜெக்ட் ரெட் நிறுவனம் அறிவித்தது. எனவே கம்பனிகளின் கொடுமையைச் சாடும் இத்தொடர், ஒரு கம்பனியின் பண்டத்தை மீட்ட விளம்பரமாகவும் தொழிற்பட்டது. டேவிட்டின் மேலங்கி, ‘ஆஃப்டர்லைஃப்’ மதுவைப் போன்றே, இறந்தவனின் பெயரால் வழங்கும் பண்டமாயிற்று. தான் கண்டித்த பொறிமுறையினுள்ளேயே தான் இயங்கவேண்டியிருந்தமை இவ்வாக்கத்தின் மீளா முரண்பாடாகும். எனினும் விளம்பரமாய்ப் பயன்பட்டமையால் ஓர் ஆக்கம் விளம்பரமாக மட்டும் முடிந்துவிடுவதில்லை. விளம்பரம் நுகர்வோனுக்கு ஆற்றலை வாக்களிக்கும். இத்தொடரோ அவ்வாற்றலை விரும்பியவனின் அழிவைக் காட்டியது. வாடிக்கையாளராய் வந்தவரின் விருப்பத்தையே அது வினாவுக்கு உட்படுத்தியது.

2023 இல் வந்த ‘ஃபாண்டம் லிபர்ட்டி’ என்னும் விரிவுக்கதையில், பிணியுற்ற சோ மி என்னும் பெண்ணைச் சந்திரனுக்கு அனுப்பிவைக்கும் வாய்ப்பு ‘வீ’க்கு அமைகின்றது. லூசி சென்ற அதே திசை. காலநிரலில் முன்னே நிற்கும் கதை, ஆக்கத்தில் அதற்குப் பின்னே வந்த கதையின்மீது தன் நிழலை வீழ்த்துவதை இங்கு காணலாம். ஆண்டுகளைப் பிழையின்றிப் பொருத்துதல் முன்கதைக்கு வேண்டிய ஒழுங்கு. அதுவே அதன் பயனாகாது. ஏலவே அறிந்த கதைக்கு மீளும் சுவைஞர் அதே வீதிகளில் வேறொரு பாரத்துடன் நடப்பாராயின், முன்கதை தன் பணியை ஆற்றியதாகும். ‘எட்ஜ்ரன்னர்ஸ்’ தொடரைக் கண்டபின் 2077 இன் நைற் சிற்றிக்குள் நுழைபவர், அங்கு இல்லாத ஒருவனைத் தேடுகின்றார். அத்தேடலே இவ்விரு ஆக்கங்களையும் பிணைக்கும் உண்மையான கண்ணி.