ஓட்டமும் படச்சுருளும்

நெடுந்தூர ஓட்டத்தின் உயிர்நிலை அதன் காலநீட்சியாகும். ஊமைப்படக் காலத்துச் செய்திப்படமோ சில நிமிடங்களுள் அடங்கவேண்டியது. இவ்விரண்டுக்குமிடையேயான முரண்பாட்டை, 1908ஆம் ஆண்டு இலண்டன் ஒலிம்பிக் மரதன் ஓட்டத்தைப் பாதே நிறுவனத்தினர் எடுத்த படத்துண்டுகளில் தெளிவாகக் காணலாம்.

அவ்வாண்டு யூலை 24ஆம் திகதி, வின்ட்சர் மாளிகையிலிருந்து வைற் சிற்றி அரங்கு வரை 26 மைல் 385 யார் தூரம் ஓடப்பட்டது. பணத்துக்காக ஓடாதவர்களே அன்று ஒலிம்பிக்கிற் பங்குபற்றும் உரிமையுடையோர். இத்தாலியரான டொறாண்டோ பியெற்றி முதல்வராக அரங்கினுள் நுழைந்தார், திசைதவறித் திரும்பினார், பலமுறை விழுந்தார். எஞ்சிய சில நூறு யார் தூரத்தைக் கடக்க ஏறத்தாழ 10 நிமிடங்கள் சென்றன. அதிகாரிகளின் துணையுடன் எல்லையைத் தாண்டினார். அமெரிக்க அணியினர் ஆட்சேபிக்கவே, பியெற்றி நீக்கப்பட்டார். 2 மணி 55 நிமிடம் 18.4 செக்கனில் ஓடிமுடித்த அமெரிக்கர் ஜோன் ஹேய்ஸ் வெற்றியாளரானார்.

இப்படத்தின் சான்றுப் பெறுமதி மறுக்கற்பாலதன்று. பியெற்றியைத் தாங்கும் கை, இரக்கத்தின் கையாகவும் விதிமீறலின் கையாகவும் ஒருங்கே தோன்றுகின்றது. தீர்ப்பு இவற்றுள் ஒன்றையே கொள்ளும். படம் இரண்டையும் பிரியாது நிறுத்துகின்றது.

எனினும், படத்தில் இடம்பெறாதவற்றையும் கருதுதல் வேண்டும். பியெற்றி தொடக்கத்தில் வேகத்தை அடக்கி, பிற்பகுதியில் அதனைக் கூட்டி, முன்னணியிலிருந்த தென்னாபிரிக்கர் ஹெஃபெரனை இறுதிக் கட்டத்தில் முந்தியவர். அத்திட்டமும் உழைப்பும் காட்சிக்குள் வரவில்லை. மறுநாள் அலெக்சாந்திரா அரசியார் அவருக்குக் கிண்ணம் வழங்கியமை, அனுதாபம் படத்துக்கு முன்னரே பிறந்துவிட்டதைக் காட்டும். ஆயின், அவ்வனுதாபத்தை நிலைபேறுடையதாக்கியதிற் படத்துக்குப் பெரும் பங்குண்டு. வீழ்ச்சியே ஓட்டமாயிற்று, பிறர் துணையின்றி ஓடிமுடித்த ஹேய்ஸ் நினைவிற் பின்தள்ளப்பட்டார்.

காட்டப்படும் முறையும் கவனிக்கத்தக்கது. கையாற் சுழற்றப்பட்ட அக்காலக் கமராக்கள் பெரும்பாலும் செக்கனுக்கு 16 படங்கள் அளவிற் பதிவுசெய்தன. அவற்றைப் பேசும்படத்துக்குரிய 24 படங்கள் என்ற வேகத்தில் ஓட்டுமிடத்து, சோர்ந்த கால்களின் தள்ளாட்டம் கோமாளியின் துள்ளலாகிவிடுகின்றது, அவையோர் நகைப்பர். இத்தவறு படமெடுத்தவரைச் சாராது, காட்டுபவரையே சாரும்.

ஆகவே, இத்துண்டுகளை ஓட்டத்தின் வரலாறாகக் கொள்ளாது, அதன் முடிவுரையாகக் கொள்ளுதலே பொருந்தும். அவற்றை உரிய வேகத்தில், ஓடிவந்த 26 மைல்களையும் மனத்திருத்திப் பார்க்குமிடத்து, இரக்கத்துக்குரியவராக மட்டும் தோன்றிய பியெற்றி மதிப்புக்குரிய ஓட்டவீரராகவும் புலப்படுவார்.