சீறாவின் வெள்ளமும் எங்கள் குளக்கட்டும்

நெளுக்குளத்தின் பெயரிலேயே குளம் இருக்கிறது. வவுனியாவின் ஊர்களைச் சொல்லிக்கொண்டு போனாலும் அப்படித்தான்: வேப்பங்குளம், பூவரசன்குளம், செட்டிகுளம். மழையைக் கட்டுக்கட்டித் தேக்கி வாழ்ந்த மண் இது. அப்படியிருக்க, இங்கிருந்து எழுதப்படும் கவிதைகளில் காவிரி ஏன் இத்தனை தாராளமாக ஓடுகிறது?

இப்படிக் கேட்டால் உமறுப் புலவரைச் சாட்சிக்கு அழைப்போர் உண்டு. நியாயமான சாட்சிதான். சீறாப்புராணத்தின் நாட்டுப்படலம் பாடுவது அரபு நாட்டை. ஆனால் அங்கே மலையில் மழை பொழிகிறது, வெள்ளம் பெருகி இறங்குகிறது, வயலில் உழவும் நடவும் நடக்கின்றன. மக்காவின் வெயிலை அறிந்த ஹாஜிமார் புன்னகைக்கக்கூடும். வழி காட்டியவர் கம்பர். ஆற்றுப்படலத்தில் சரயு நதிக்குள் சோழநாட்டு நீரைப் பாய்ச்சியவர் அவர். உமறுவின் எட்டயபுரமோ கரிசல் பூமி. ஆக, அவருக்கும் ஆறு ஏட்டிலிருந்து வந்ததுதான்.

ஆயினும் 17ஆம் நூற்றாண்டில் அந்த ஆற்றுக்கு ஒரு வேலை இருந்தது. நாயகத்தின் வரலாற்றைத் தமிழ்க் காதுகளுக்குச் சொல்ல வந்த புலவர், முதலில் அந்நாட்டைத் தமிழ் நிலமாக்கினார். கேட்டவர் அந்நியம் தோன்றாமல் உள்ளே நுழைந்தார். புவியியலில் அது பிழை; காவியத்தில் அது வாசல். நமது புதுக்கவிதைக் காவிரிக்கு அப்படியொரு வேலையும் இல்லை. பெரும்பாலும் அது வெறும் சோடனை.

நதியின் பெயரை நாவலுக்குச் சூட்டிய கல்கிகூட, ‘பொன்னியின் செல்வ’னைத் தொடங்கியது வீரநாராயண ஏரிக்கரையில். வன்னியில் அ. பாலமனோகரன் 1973இல் ‘நிலக்கிளி’யைத் தந்தபோது, தண்ணிமுறிப்பின் காடும் குளமுமே அவருக்குப் போதுமாயிருந்தன. ஈழத்து நாவல்களில் அது இன்றும் உலராமல் நிற்பதற்கு இதுவே முதற் காரணம் என்பேன்.

ஆறுதான் வேண்டுமென்றால் அருவியாறு இருக்கிறதே! அநுராதபுரத்தில் மல்வத்து ஓயா; நம்மிடம் வந்ததும் அருவியாறு. தேக்கம் அணையில் மறிபட்டுக் கட்டுக்கரைக்குளத்துக்கு நீர் கொடுத்து, அரிப்புக்கு அருகே கடலில் விழுகிறது. 1990 ஒக்டோபரில் வடபுல முஸ்லிம்கள் விரட்டப்பட்டபோது முசலி மக்களும் அந்த ஆற்றை விட்டுத்தான் புத்தளம் பக்கம் போனார்கள். அன்று அதில் குளித்த சிறுவர்கள் இன்று நாற்பதைத் தாண்டிவிட்டார்கள். காவிரியைப் பாடும் நம் கவிஞர்களில் எத்தனை பேர் அவர்களிடம் போய் ஆற்றின் கதை கேட்டார்கள்?